தடை வாங்கியவர் வீட்டு வாசனை

அரிசி டப்பாவைத் திறந்தது டீச்சர்தான். உள்ளே அரிசி மட்டும்தான் இருந்தது. அதுவும் அடியில். மூடியைத் திரும்ப வைக்கும்போது, கதவோரம் பள்ளிச் சீருடையில் நின்ற பெண் தன்னையே பார்த்துக்கொண்டிருப்பதை டீச்சர் கவனித்தார்.

டீச்சர் எந்தப் பள்ளிக்கூடத்திலும் வேலை பார்த்தவர் அல்ல. துப்பறிவதுதான் தொழில். கேள்வி கேட்டுவிட்டு, கண்ணாடிக்கு மேலாக ஒரு பார்வை பார்ப்பார். பதில் தெரிந்தவனுக்கும்கூடப் பெஞ்சின் மேல் ஏறி நிற்கலாமா என்று தோன்றும். அதனால் வந்த பெயர்.

"கட்டிலுக்கு அடியில ஒண்ணும் இல்ல. ஒரு செருப்பு இருக்கு, அதுவும் ஒத்தை" என்று உள்ளறையிலிருந்து குரல் கொடுத்தான் சம்மன். நீதிமன்றத்தில் சம்மன் கொடுக்கிற வேலையில் இருந்து ஓய்வு பெற்றவன். வாயைத் தவிர மற்றதெல்லாம் ஓய்வு பெற்றுவிட்டதாக அவன் மனைவி சொல்வாள்.

வீட்டுக்காரர் நடுக்கூடத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். ஒரு காலத்தில் சோப்புக் கம்பெனியில் பாதிப் பங்குக்காரர். மற்ற பாதி அவருடைய அக்காவின் கணவர். இருவரும் பிரியும்போது போட்ட ஒப்பந்தத்தில், ஒருவர் கண்டுபிடித்த செய்முறையை மற்றவர் பயன்படுத்தக் கூடாது என்று ஒரு வரி இருந்தது. மைத்துனரான இவர் தனியாகச் சோப்பு காய்ச்ச ஆரம்பித்தபோது, அக்கா கணவர் அந்த வரியைப் பிடித்துக்கொண்டு நீதிமன்றத்துக்குப் போனார். 'செய்முறை என்னுடையது' என்று சத்தியம் செய்து மனுப் போட்டார். வழக்கு முடியும்வரை மைத்துனர் சோப்பே செய்யக் கூடாது என்று இடைக்காலத் தடை கிடைத்தது.

இப்போது கடைவீதியில் உறையில்லாத சோப்பு விற்கிறது. அதே நிறம், அதே வாசனை. தடையை மீறி மைத்துனர்தான் திருட்டுத்தனமாகச் செய்கிறார், கையும் களவுமாகப் பிடித்துக் கொடுங்கள் என்று டீச்சரை அமர்த்தியிருந்தார் அக்கா கணவர், இப்போது கம்பெனிக்கு ஒரே முதலாளி. நிரூபித்தால் மைத்துனர் சிறைக்குப் போக வேண்டியிருக்கும்.

வாசலில் வந்து நின்றதுமே, "கோர்ட்டுல இருந்தா?" என்று கேட்டிருந்தார் மைத்துனர்.

"இல்ல. உங்க மாமா அனுப்பினார். உங்க வீட்டுக்குள்ள வர எங்களுக்கு அதிகாரம் கிடையாது. வேண்டாம்னா போயிடுறோம்."

"போனா, ஒளிச்சு வெச்சிருக்கேன்னு எழுதுவீங்க. உள்ள வாங்க."

அப்படித்தான் உள்ளே வந்தார்கள். மதில் சுவருக்கு அந்தப் பக்கம் பக்கத்து வீட்டுக்காரர்கள் துணி உலர்த்துகிற சாக்கில் நின்றார்கள். ஒரே துண்டை எவ்வளவு நேரம்தான் உதறுவது என்று அவர்களுக்கே வெட்கமாக இருந்திருக்கும்.

சம்மன் குளியலறையிலிருந்து வெளியே வந்தான். முகத்தில் சிரிப்பு இல்லை.

"டீச்சர், கொஞ்சம் இங்க வாங்க."

சோப்புப் பெட்டியில் வேறு ஏதோ கம்பெனியின் மலிவான சோப்பு. அதன் முதுகில், தேய்ந்து நகம்போல் மெலிந்துவிட்ட பழைய சோப்புத் துண்டை அழுத்தி ஒட்டியிருந்தார்கள்.

"பேன்ட்டுக்கு ஒட்டுப் போடுவாங்க. சோப்புக்கு ஒட்டுப் போட்டு இப்பதான் பாக்கிறேன்" என்றான் சம்மன், குரலைத் தாழ்த்தி. "திருட்டுச் சோப்பு காய்ச்சுறவன் வீட்ல இப்படியா இருக்கும்?"

டீச்சர் கூடத்துக்குத் திரும்பி மைத்துனரின் கைகளைப் பார்த்தார். சோப்புக் காய்ச்சப் போடும் காஸ்டிக் சோடா தெறித்த பழைய தழும்புகள் இருந்தன. புதிதாக ஒன்றுகூட இல்லை.

"ஒண்ணு கேக்கலாமா? அந்தச் செய்முறை உங்க மாமாவோடதுதானா?"

"சத்தியம் பண்ணியிருக்காரே."

"நீங்க எதிர்த்து ஒரு வார்த்தைகூடச் சொல்லலையே. ஏன்?"

அவர் மகளைப் பார்த்து, "உள்ள போம்மா" என்றார். அவள் போனதும், "சொல்லலாம். சொன்னா ஒருத்தங்க வாழ்க்கை கெட்டுப்போகும். எனக்கு சோப்பு இல்லன்னா வேற வேலை. அவங்களுக்கு வேற வீடு கிடையாது. தேடி முடிச்சிட்டீங்களா?" என்றார்.

"முடிச்சிட்டோம்."

"அப்ப போகும்போது கதவை முழுசாத் திறந்து வெச்சிட்டுப் போங்க. வெளிய நிக்கிறவங்களும் பாத்துக்கட்டும்."

தெருமுனை திரும்பும்போதும் டீச்சரின் காது மடல் சிவந்திருந்தது. எத்தனையோ வீடுகளில் பீரோவைக் குடைந்திருக்கிறார். அந்தப் பெண்ணுக்கு முன்னால் அரிசி டப்பாவைத் திறந்திருக்க வேண்டாம் என்பது மட்டும் திரும்பத் திரும்ப வந்து உறுத்தியது.

"சோப்பு எந்தக் கடையில கிடைச்சுதுன்னு சொன்னே?"

"தையல் கடையில. சட்டை தைக்கப் போனா சோப்பு, சோப்பு வாங்கப் போனா பட்டன். நல்ல வியாபாரம்" என்றான் சம்மன்.

தையல்கார அம்மா கழுத்தில் அளவு நாடாவோடு மெஷினில் உட்கார்ந்திருந்தார். மேஜை ஓரத்தில் வெள்ளைத் துணி விரித்து, அதன்மேல் சோப்புகளை அடுக்கியிருந்தார். இவர்களைப் பார்த்ததும் மெஷினின் வேகத்தைக் கூட்டினார்.

"இதை யார் கொண்டு வந்து குடுக்கிறாங்க?" என்றான் சம்மன்.

"ஒருத்தங்க."

"அந்த ஒருத்தங்களுக்கு மீசை இருக்கா?"

"நான் சட்டைக்குத்தான் அளவெடுப்பேன். மீசைக்கு எடுக்கிறதில்ல."

சம்மன் வாயடைத்துப் போனது அபூர்வமான காட்சி. டீச்சர் அதை ரசிக்கும் நிலையில் இல்லை. ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"அம்மா, கோர்ட்டுத் தடையை மீறி, சோப்புக் கம்பெனிக்காரர் மச்சினன் அந்தத் தம்பிதான் இதைச் செய்றாருன்னு கேஸ் போகப்போகுது. ஜெயிலுக்கு அனுப்பிடுவாங்க."

மெஷின் நின்றது. "அவனா? அவன் சோப்பைத் தொட்டே எத்தனையோ நாளாச்சு! இந்தத் தெருவுலதான் வளந்தான். கோர்ட்டு வேணாம்னா கையைக் கட்டிக்கிட்டு நிப்பானே தவிர, திருட்டு வேலை அவனுக்கு வராது."

"அப்ப இது?"

"அவங்க வந்து வெச்சிட்டுப் போறாங்க. வித்த பணத்தை நீட்டினா தொடக்கூட மாட்டாங்க. பட்டன் தைக்கிற வேலைக் கூலியோட சேத்துக் குடுத்துடுன்னு..." பாதியில் நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"பட்டன் வேலை பாக்கிறது யாரு? தம்பியோட சம்சாரமா?"

தையல்கார அம்மா பல்லில் நூலைக் கடித்து அறுத்தார். "நேரமாச்சு, கடையை மூடணும்" என்றார். வெளியே வெயில் சுள்ளென்று அடித்துக்கொண்டிருந்தது.

டீச்சர் ஒரு சோப்பை விலை கொடுத்து வாங்கிக்கொண்டு வெளியே வந்தார். நடந்துகொண்டே அதைத் திருப்பிப் பார்த்தார். மேல்பக்கம் வழவழப்பு. அடிப்பக்கத்தில் வரிசையாகச் சின்னச் சின்ன மேடுகள். ஒவ்வொன்றுக்கும் ஆறு மூலை.

"தேன்கூட்டு மேல உக்காந்த மாதிரி இருக்கு" என்றான் சம்மன்.

"பிரம்பு பின்னின நாற்காலி மேல உக்காந்திருக்கு. வெட்டின ஈரத்தோட அதுல காய வெச்சிருக்காங்க. பின்னலோட ஓட்டைக்குள்ள சோப்பு இறங்கி மேடாயிருச்சு. தம்பி வீட்ல என்ன நாற்காலி இருந்துச்சு?"

"இரும்பு. மடக்குறது. ஒண்ணுல உக்காந்து பாத்தேன், அது என்னையும் சேத்து மடக்கப் பாத்துச்சு."

"இன்னொண்ணு. அந்த அம்மா தம்பியை எப்படிச் சொன்னாங்க?"

"எப்படின்னா?"

"அவன், அவன்னு. சோப்பு குடுக்கிறவங்களை?"

சம்மன் நடையை நிறுத்தினான். "அவங்க!"

"சின்ன வயசுலேர்ந்து பாத்த பையனை அவன்னு சொல்றவங்க, இந்த ஆளை மட்டும் மரியாதையாச் சொல்றாங்க. அப்ப சோப்பு குடுக்கிறவங்க தம்பியைவிட வயசுல மூத்தவங்க. லாபம் வேண்டாங்கிறாங்க. பட்டன் கூலிங்கிற பேர்ல பணம் தம்பி வீட்டுக்குப் போகணும், தம்பிக்குத் தெரியக் கூடாது. செய்முறையும் அத்துப்படி." டீச்சர் சோப்பைக் கைப்பைக்குள் போட்டார். "முதலாளி மத்தியானம் சாப்பிட வீட்டுக்குத்தானே வருவார்? அங்க போகலாம்."

"கம்பெனிக்குப் போகாம வீட்டுக்கா?"

"பிரம்பு நாற்காலி வீட்லதான் இருக்கும்."

முதலாளி வீட்டுக் கூடத்தில் பிரம்பே இல்லை. புதுச் சோபா, பிளாஸ்டிக் உறையைக் கூடக் கழற்றாமல் பளபளத்தது. சம்மன் உட்கார்ந்ததும் அது ஒரு மாதிரியாகச் சத்தம் போட, "நான் இல்ல, சோபா" என்றான்.

முதலாளி கையைத் துடைத்துக்கொண்டே வந்தார். "என்ன, கிடைச்சுதா? கோர்ட்டு அவமதிப்பு மனு ரெடியா இருக்கு. உங்க அறிக்கை வந்தா வக்கீல் இன்னிக்கே போட்டுடுவார். அவன் வீட்ல எங்க வெச்சிருந்தான்?"

டீச்சர் சுவரில் இருந்த போட்டோவைப் பார்த்துக்கொண்டிருந்தார். இளவயது முதலாளி, பக்கத்தில் மனைவி, அவர்களுக்குப் பின்னால் இருவரின் தோளிலும் கை போட்டுக்கொண்டு மைத்துனர். உட்கார்ந்திருந்தவர்களின் நாற்காலி விளிம்பில் ஆறு மூலைப் பின்னல் தெளிவாகத் தெரிந்தது.

"அந்த நாற்காலி எல்லாம் இப்ப எங்க?"

"பழசா? பின்னாடி ஷெட்டுல கிடக்கும். ஏன், விலைக்கு வேணுமா?"

"பாக்கணும்."

"அது பூட்டியே கிடக்கு. நான் அந்தப் பக்கம் போயே வருஷக்கணக்காச்சு. சாவி..." என்று திரும்பினார்.

தண்ணீர் தட்டோடு வந்த அவர் மனைவி, தட்டை மேஜைமேல் வைத்தார். ஒரு சொட்டுக்கூடச் சிந்தவில்லை. இடுப்பிலிருந்து ஒற்றைச் சாவியை எடுத்தார்.

"என்கிட்டதான் இருக்கு. வாங்க."

ஷெட்டின் கதவு திறந்ததும் சம்மன் இரண்டு தும்மல் போட்டான். உள்ளே நான்கு பிரம்பு நாற்காலிகள். நான்கிலும் வரிசை வரிசையாக வெட்டிய சோப்பு. மூலையில் பெரிய பாத்திரம், மரக் கரண்டி, முழங்கை வரை நீளும் ரப்பர் உறை.

"வாசனை தெருவையே தூக்குது சார். உங்க மூக்குக்கு எட்டவே இல்லையா?" என்றான் சம்மன்.

"பகலெல்லாம் நான் இதே வாசனையில்தானே..." என்று ஆரம்பித்த முதலாளி அப்படியே நிறுத்தினார். மனைவியைப் பார்த்தார். சோப்பைப் பார்த்தார். "என் வீட்லயேவா? கோர்ட்டுத் தடை இருக்கும்போது, என் வீட்டுக்குள்ளயே உக்காந்து அவனுக்காக..."

"ஆமா. அவனுக்காகத்தான்" என்றார் மனைவி.

சம்மன் தொண்டையைக் கனைத்தான். "ஒரு சின்ன விஷயம்மா. தடையில தம்பி பேரு மட்டும் இல்ல. அவர் சார்பா யார் செஞ்சாலும் பொருந்தும்னு இருக்கு."

"செய்முறை இவரோடதா இருந்தாத்தானே அந்தத் தடை? சத்தியம் பண்ணின மனுவுல என்ன எழுதியிருக்கு? நீங்க படிச்சிருப்பீங்க, சொல்லுங்க."

சம்மன் முதலாளியைப் பார்த்தான். பிறகு தரையைப் பார்த்துச் சொன்னான்: "'என் சொந்த முயற்சியால் நானே உருவாக்கிய செய்முறை.'"

"எந்த நாள் உருவாக்கினீங்க?" என்று கணவரைக் கேட்டார் அவர். குரல் உயரவில்லை. "நம்ம பெரியவனுக்கு உடம்பெல்லாம் புண்ணா இருந்தப்ப, கடைச் சோப்பு எதுவும் ஒத்துக்காம அழுதானே, அன்னிக்கு இந்த ஷெட்டுல எண்ணெயைக் காய்ச்சினது யாரு? நான். நீங்க அப்ப வெளியூர்ல டயர் வித்துக்கிட்டு இருந்தீங்க. கட்டை கட்டையா வெட்டிக் குடுத்தது என் தம்பி. 'அக்கா, இதை விக்கலாம்'னு சொன்னதும் அவன்தான்."

முதலாளி உட்கார இடம் தேடினார். நாற்காலி எல்லாவற்றிலும் சோப்பு. கடைசியில் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"வக்கீல் கேட்டார், செய்முறை யாரோடதுன்னு. நான் நம்மளோடதுன்னுதான் சொன்னேன். நம்மளோடதுன்னு எழுதினா தடை கிடைக்காது, என்னுடையதுன்னு எழுதணும்னார். ஒரு வார்த்தைதானேன்னு..."

"நம்மளோடதுங்கிறதுல அவனும் இருந்தான்."

முதலாளி டீச்சரின் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "ஒண்ணும் கிடைக்கலைன்னு எழுதிக் குடுத்துடுங்க. நான் கேஸை வாபஸ் வாங்கிக்கிறேன். சத்தமில்லாம முடிஞ்சிரும்."

"சத்தமில்லாமலா?" என்றார் மனைவி. "அவன் வீட்டைத் தேட ஆள் அனுப்பினப்ப இந்த யோசனை வரலையா?"

டீச்சர் கண்ணாடியைக் கழற்றினார். கேள்வி கேட்டே பழகியவருக்குப் பதில் சொல்வது சிரமமாக இருந்தது.

"தேடினது நான்தாம்மா. காலையில போயிருந்தோம். தெருவே நின்னு பாத்துச்சு. உங்க தம்பி பொண்ணு முன்னாடி அரிசி டப்பாவைக்கூடத் திறந்து பாத்துட்டேன்."

அந்த அம்மாள் திட்டுவார் என்று டீச்சர் எதிர்பார்த்தார். திட்டியிருந்தால் தேவலை.

"எவ்வளவு அரிசி இருந்துச்சு?" என்று கேட்டார் அவர்.

டீச்சரால் பதில் சொல்ல முடியவில்லை. அந்த மௌனமே அளவைச் சொல்லிவிட்டது. முதலாளி இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார்.

டீச்சர் அன்று மாலையே அறிக்கையை எழுதினார். நடந்தது நடந்தபடி. பிறகு மைத்துனர் வீட்டுக்குப் போனார். கதவைத் திறந்தவள் அந்தப் பெண்தான். "நான் செஞ்சது தப்பும்மா" என்றார் டீச்சர். அவள் கதவிலிருந்து கையை எடுக்கவில்லை. "அப்பா வேலை தேடிப் போயிருக்கார்" என்று சொல்லிக் கதவைச் சாத்திக்கொண்டாள்.

வழக்கு மறுபடி நீதிமன்றத்துக்கு வந்தது. வாபஸ் மனு ஒன்றைக் கொடுத்துவிட்டு நழுவிவிடலாம் என்றுதான் வக்கீல் யோசனை சொல்லியிருந்தார். முதலாளியும் முதலில் தலையாட்டினார். ஆனால் மனைவி முன்கூட்டியே வந்து கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அவரைப் பார்த்த பிறகு முதலாளி வாபஸ் மனுவை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

"ஐயா, நான் ஒண்ணு சொல்லணும்" என்று அவர் எழுந்தபோது, வக்கீல் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தார். முதலாளி உட்காரவில்லை.

"செய்முறை என்னுடையதுன்னு சத்தியம் பண்ணியிருந்தேன். அது என்னோடது இல்ல. என் மனைவியோடது. அவங்க தம்பி கூட இருந்து வளர்த்தது."

நீதிபதி பேனாவை வைத்தார். "மனுவில் கையெழுத்துப் போடும்போதே இது உங்களுக்குத் தெரியுமா?"

வக்கீல் மெதுவாக, தெரியாமல் நடந்த பிழை என்று சொல்லும்படி உதட்டை அசைத்தார்.

"தெரியும், ஐயா" என்றார் முதலாளி.

உண்மையை மறைத்து வாங்கிய தடை ஒரு நிமிடம்கூட நிற்காது என்று நீதிபதி அதை ரத்து செய்தார். எதிர்த்தரப்புக்கு நேர்ந்த நஷ்டத்தையும் செலவையும் முதலாளியே கொடுக்க வேண்டும் என்றார். பொய்ச் சத்தியத்துக்காக அவர்மேல் ஏன் நடவடிக்கை எடுக்கக் கூடாது என்று தனியாக விளக்கம் கேட்டார். எல்லாவற்றையும் முதலாளி நின்றுகொண்டே கேட்டார். தலை மட்டும் நிமிரவே இல்லை.

வெளியே வராந்தாவில் ஒரே கூட்டம். மைத்துனர் நேராக அக்காவிடம் போனார். முகத்தில் ஜெயித்த களையே இல்லை.

"ஏன்க்கா இப்படிப் பண்ணினே? உனக்காகத்தானே நான் வாயை மூடிக்கிட்டு இருந்தேன்?"

"எனக்காக நீ பட்டினி கிடப்பே, நான் பாத்துக்கிட்டு இருக்கணுமா?"

அவர் கண் கலங்கியதை மறைக்க வேறு பக்கம் திரும்பியபோது, எதிரே முதலாளி நின்றிருந்தார். எவ்வளவு நேரமாக நின்றிருந்தாரோ. இரண்டு பேருக்கும் நடுவில் கைநீட்டினால் தொடுகிற தூரம்தான். யாரும் நீட்டவில்லை.

சம்மன் டீச்சரின் காதருகே குனிந்தான். இந்த மாதிரி நேரத்தில்தான் அவனிடமிருந்து ஏதாவது வந்து விழும். இந்த முறை "நாம கிளம்பலாமா?" என்று மட்டும் கேட்டான்.

அவர்கள் படி இறங்கும்போது மைத்துனரின் குரல் கேட்டது. அதில் கோபம் இல்லை. கேலியும் இல்லை. நிஜமாகவே தெரியாமல் கேட்கிற மாதிரி இருந்தது.

"அக்காவைப் பாக்க வீட்டுக்கு வரலாமா மாமா? இல்ல, அதுக்கும் தடை இருக்கா?"

முதலாளி 'வா' என்று சொல்ல வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை.

"நாளைக்கே வாடா" என்றார் மனைவி. "பிள்ளையையும் கூட்டிக்கிட்டு வா."

அக்காவும் தம்பியும் சேர்ந்து கேட்டை நோக்கி நடந்தார்கள். முதலாளி கொஞ்ச நேரம் அங்கேயே நின்றார். பிறகு, கூப்பிடாத ஒருவர் தொடர்ந்து போகிற மாதிரி, நாலடி இடைவெளி விட்டு அவர்களுக்குப் பின்னால் நடந்தார்.